இரவின் மடை யார் கையில்?

நளாயினி கதையைக் கேட்காமல் வளர்ந்தவர்கள் தாமிரபரணிக் கரையில் குறைவு. நோயாளிக் கணவனைக் கூடையில் வைத்துத் தலையில் சுமந்து இருட்டில் நடக்கிறாள். கழுமரத்தில் ஏற்றப்பட்டிருந்த மாண்டவிய முனிவர் மேல் கூடை இடித்துவிடுகிறது. வலி தாங்காத முனிவர், பொழுது விடிந்ததும் அவள் கணவன் இறந்துபோவான் என்று சபிக்கிறார். அப்படியென்றால் பொழுதே விடிய வேண்டாம் என்று சொல்லிவிடுகிறாள் அவள். சூரியன் வரவில்லை. கதை சொல்பவர்கள் இந்த இடத்தில் அவளுடைய கற்பின் திறத்தைப் பேசுவார்கள். எனக்கு முக்கியமாகப் படுவது அதற்கு அடுத்து வரும் பகுதி. விடியாத உலகத்தில் பயிர் பச்சைகள் வாடுகின்றன, எந்தக் காரியமும் நடக்கவில்லை, தேவர்கள் கூட்டமாக வந்து அவளிடம் மன்றாடுகிறார்கள். ஒரு வீட்டுக்காக நிறுத்தப்பட்ட இரவு ஊர் உலகம் எல்லாவற்றுக்கும் நின்றுபோகிறது. எல்லாரும் உட்கார்ந்து பேசி, அவள் கணவன் உயிருக்கு ஒரு வழி செய்த பிறகே பொழுது விடிகிறது.

இரவை நீட்டவும் சுருக்கவும் நிறுத்தவும் வல்ல பொறி ஒன்றைப் பற்றிய கற்பனை இன்று அறிவியல் புனைகதைகளில் அடிக்கடி வருகிறது. ஒரே பெட்டியாக, ஒரு பொத்தானை அழுத்தினால் வேலை செய்வதாக அப்படி ஒன்று எங்கும் இல்லை. ஆனால் அதன் பாகங்கள் பலவும் உலகில் புழக்கத்தில் இருக்கின்றன. அவற்றில் இரண்டு, தாமிரபரணிக் கரையிலுள்ள கல்லிடைக்குறிச்சிக்குப் பக்கத்திலேயே உருவானவை. மேற்கே பாபநாசத்தில் ஒன்று, ஆற்றைத் தாண்டினால் அம்பாசமுத்திரத்தில் ஒன்று. இந்தப் பாகங்கள் இரவை உண்மையில் என்ன செய்தன, யாருக்காகச் செய்தன, அதற்கான விலையைக் கொடுத்தது யார் என்பதைத்தான் இங்கே பார்க்கப் போகிறோம்.

முதலில் முடியாததைச் சொல்லிவிடலாம். இரவு என்பது பூமி தன்னைத்தானே சுற்றுவதால் வருவது. கல்லிடைக்குறிச்சி இருக்கும் அட்சரேகையில் தரை மணிக்கு ஏறத்தாழ 1,650 கிலோமீட்டர் வேகத்தில் கிழக்கு நோக்கி ஓடிக்கொண்டிருக்கிறது. அதை நிறுத்தும் ஆற்றல் மனிதரிடம் இல்லை. நிலவின் ஈர்ப்பால் எழும் கடல் ஓதம் பூமியின் சுழற்சியைக் கொஞ்சம் கொஞ்சமாகத் தாமதப்படுத்துகிறது. அதனால் ஒரு நாளின் நீளம் நூறு ஆண்டுக்கு ஏறத்தாழ 2 மில்லிவினாடி கூடுகிறது. சீனாவின் மூன்று மலையிடுக்கு அணையில் நீர் முழுவதும் தேங்கும்போது நாளின் நீளம் கூடும் அளவு, ஒரு வினாடியைப் பத்து லட்சம் கூறாக்கினால் அதில் ஒரு கூறுக்கும் குறைவு. ஆக, இரவின் மீது மனிதர் கை வைத்த வழிகள் வேறு. கடிகாரத்தைத் திருத்தினார்கள், இருட்டுக்குள் வெளிச்சத்தைக் கொண்டுவந்தார்கள், இரவை எண்ணிப் பார்க்கும் உயிர்களின் கணக்கையே மாற்றினார்கள்.

கடிகாரத்தின் கதை சிறியது. 1906 ஜனவரி 1 முதல் இந்தியாவுக்கு ஒரே நேரம் என்று அறிவிக்கப்பட்டது. அதற்கு முன் தென்னாட்டு ரயில்கள் மதராஸ் நேரத்தைப் பார்த்து ஓடின. அது இன்றைய இந்திய நேரத்துக்கு ஏறத்தாழ 9 நிமிடம் பிந்தியது. இரண்டாம் உலகப் போரின்போது, 1942 முதல் 1945 வரை, நாட்டின் கடிகாரங்களை ஒரு மணி நேரம் முன்னே தள்ளி வைத்தார்கள். மாலை வெளிச்சத்தை வேலைக்குப் பயன்படுத்தி விளக்குச் செலவை மிச்சம் பிடிப்பது நோக்கம். இந்திய நேரத்தைத் தரும் 82.5 பாகைக் கோடு கல்லிடைக்குறிச்சிக்குக் கிழக்கே வெகு தொலைவில் ஓடுவதால், இங்கே சூரியன் உச்சிக்கு வரும்போது கடிகாரம் சராசரியாக 12.20 காட்டும். கடிகாரத்தை மாற்றினால் மனிதர் எழுந்திருக்கும் வேளை மாறும். மாட்டுக்கும் மரத்துக்கும் நெல்லுக்கும் எதுவும் மாறாது. எனவே இதை விட்டுவிட்டு மேலே போகலாம்.

விளக்கின் கதை நீளமானது. தமிழ்நாட்டுக் கோயில் கல்வெட்டுகளில் மிக அதிகமாகத் திரும்பத் திரும்ப வருவது நந்தா விளக்குக் கொடைதான். அணையாமல் ஒரு விளக்கு எரிய வேண்டும் என்றால் நாள்தோறும் ஓர் உழக்கு நெய் வேண்டும். அதற்கு 90 அல்லது 96 ஆடுகள். இந்த ஆடுகளுக்குச் ‘சாவா மூவாப் பேராடு’ என்று பெயர். சாவதற்கு ஈடாகக் குட்டிகள் வந்து சேரும் என்பதால் மந்தையின் எண்ணிக்கை குறையக் கூடாது. இடையர்கள் ஆடுகளை ஏற்றுக்கொண்டு, தலைமுறை தலைமுறையாக நெய் அளந்து தரக் கடமைப்பட்டார்கள். ஒரே ஒரு சுடர் இரவு முழுவதும் எரிய ஒரு மந்தையும், அதை மேய்க்கும் ஒரு குடும்பமும், அவர்களைப் பிணைக்கும் ஓர் ஒப்பந்தமும் தேவைப்பட்டிருக்கின்றன. யார் கொடுத்தார், யார் ஏற்றார், எவ்வளவு அளக்க வேண்டும் என்பது கல்லில் வெட்டப்பட்டது. இருட்டிலிருந்து வாங்கிய ஒவ்வொரு நாழிகைக்கும் அன்று கணக்கு இருந்தது. வீடுகளிலோ இலுப்பை எண்ணெயும் ஆமணக்கெண்ணெயும் தீரும்வரை எரிந்தன. எண்ணெய் தீர்ந்தால் இரவு முழுமையாக வந்துவிடும்.

இந்தக் கணக்கை உடைத்தது மின்சாரம். நெல்லைச் சீமைக்கு அது வந்த வழி பாபநாசம். அங்கே மலை மேல், பாபநாசம் அணை என்று சொல்லப்படும் காரையாறு அணையைக் கட்டி, தேக்கிய நீரைக் குழாய் வழியாக இறக்கிச் சுழலிகளை ஓட்டினார்கள். 1944-ல் மின் உற்பத்தி தொடங்கியது. பைக்காரா 1932-லும் மேட்டூர் 1937-லும் தொடங்கியிருந்தன. சென்னை மாகாணத்தில் அவற்றோடு சேர்ந்த மூன்றாவது பெரிய நீர்மின் நிலையம் இது. பொதிகையிலிருந்து இறங்கும் அதே தண்ணீர் முதலில் விளக்கு எரிய வைத்துவிட்டு, பிறகு ஆற்றில் விழுந்து, கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன் என்று ஒவ்வோர் அணைக்கட்டாகத் தொட்டு வயலுக்குப் போகிறது. மூன்றாவதான கன்னடியன் அணைக்கட்டு கல்லிடைக்குறிச்சிக்குப் பக்கத்தில். வயலுக்குப் போன நீரும் வீதி விளக்குக்குப் போன மின்சாரமும் ஒரே ஆற்றின் இரண்டு பங்கு. இவை இரண்டும் ஒன்றோடொன்று மோதிக்கொள்ளும் இடம் ஒன்று இருக்கிறது. அதைப் பின்னால் சொல்கிறேன்.

இரவுப் பொழுது உழைப்பு நேரமாக மாறியது இதே பள்ளத்தாக்கில் நடந்த இன்னொரு பெரிய மாற்றம். விக்கிரமசிங்கபுரத்தில் ஹார்வி சகோதரர்களின் நூற்பாலை 1880-களில், பாபநாசத்து அருவி நீரின் விசையை நம்பி எழுந்தது. ஆலை வந்த இடத்தில் சங்கு வந்தது, சங்கு வந்த இடத்தில் ‘ஷிப்டு’ வந்தது. ஊர் உறங்கும்போது ஒரு பகுதி மக்கள் வேலைக்குப் போவதும், ஊர் எழும்போது அவர்கள் படுக்கப் போவதும் சாதாரணமாயிற்று. 1948-ஆம் ஆண்டுத் தொழிற்சாலைகள் சட்டம் இரவு 7 மணி முதல் காலை 6 மணி வரை பெண்களை ஆலை வேலையில் அமர்த்தத் தடை விதித்தது. 2000-த்தில் சென்னை உயர் நீதிமன்றம் அந்தத் தடையைச் சமத்துவத்துக்கு எதிரானது என்று நீக்கி, பாதுகாப்பு நிபந்தனைகளோடு அனுமதித்தது. தீர்ப்பு நியாயமானது என்றே நினைக்கிறேன். ஆனால் உடம்பின் கணக்கு வேறு. உடலின் உயிரணுக்களில் ஏறத்தாழ 24 மணி நேர ஓட்டமுள்ள கடிகாரம் எப்படி இயங்குகிறது என்பதைக் காட்டிய ஹால், ராஸ்பாஷ், யங் ஆகிய மூவருக்கு 2017-ல் நோபல் பரிசு கிடைத்தது. அதற்குப் பத்தாண்டு முன்பே, 2007-ல், உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை இரவுப் பணியைப் ‘அநேகமாகப் புற்றுநோய் உண்டாக்கக் கூடியது’ என்ற வரிசையில் வைத்தது. 2019-ல் மறுபடி ஆராய்ந்து அதையே உறுதி செய்தது. இரவைப் பகலாக்கும் பொறியின் செலவை இங்கே ஏற்பது தொழிலாளியின் உடம்பு.

இனி நெல்லுக்கு வருவோம். இரவை என்ன செய்தார்கள் என்ற கேள்வியின் மையம் அதில்தான் இருக்கிறது.

கல்லிடைக்குறிச்சியில் ஆண்டின் மிகக் குறுகிய இரவு ஜூன் மூன்றாம் வாரத்தில், ஏறத்தாழ 11 மணி 20 நிமிடம். மிக நீண்ட இரவு டிசம்பரில், ஏறத்தாழ 12 மணி 20 நிமிடம். வித்தியாசம் ஒரு மணி நேரம். ஆறு மாதத்தில் பரவி நடப்பதால் நமக்கு அது தெரிவதே இல்லை. மார்கழியில் சீக்கிரம் இருட்டுகிறது என்று சொல்வதோடு சரி. லண்டனில் இருப்பவருக்குக் கோடைக்கும் குளிருக்கும் இடையே எட்டு ஒன்பது மணி நேர வித்தியாசம் உண்டு. ஆனால் நமக்குத் தெரியாத இந்தச் சின்ன ஏற்ற இறக்கத்தைப் பழைய நெல் ரகங்கள் துல்லியமாக அளக்கின்றன. ஜே. டோர் என்ற ஆய்வாளர் மலாக்காவில் ‘சயாம் 29’ என்ற நெல்லை வெவ்வேறு மாதங்களில் விதைத்துப் பார்த்து, முடிவை 1959-ல் வெளியிட்டார். ஜனவரியில் விதைத்தது பூக்க 329 நாள் எடுத்துக்கொண்டது. செப்டம்பரில் விதைத்தது 161 நாளில் பூத்தது. மலாக்கா நிலநடுக்கோட்டுக்கு மிக அருகில் இருப்பதால், அங்கே ஆண்டின் மிக நீண்ட பகலுக்கும் மிகக் குறுகிய பகலுக்கும் இடையே மொத்த வித்தியாசமே 14 நிமிடம்தான். அந்தப் 14 நிமிடத்தைக் கொண்டு அந்த நெல் மாதத்தைக் கண்டுபிடித்துவிட்டது.

பயிர் அளப்பது பகலையா இரவையா என்ற கேள்விக்கு விடை கிடைத்தது அமெரிக்காவில். 1920-ல் கார்னர், அல்லார்டு என்ற இருவர் புகையிலையையும் சோயாவையும் வைத்து, பூப்பதைத் தீர்மானிப்பது பகல் பொழுதின் நீளம் என்று காட்டினார்கள். 1938-ல் ஹாம்னரும் பானரும் மருளூமத்தைச் செடியை எடுத்துக்கொண்டார்கள். நம் ஊர்த் தரிசுகளில், துணியில் ஒட்டிக்கொள்ளும் முள் காயோடு நிற்கிற செடிதான். நீண்ட இரவு கிடைத்தால்தான் அது பூக்கும். அந்த இரவின் நடுவில் சில நிமிடம் விளக்கைப் போட்டு அணைத்தார்கள். செடி பூக்கவில்லை. பகலின் நடுவில் சிறிது நேரம் இருட்டாக்கியபோது ஒன்றும் ஆகவில்லை. செடி எண்ணுவது தொடர்ந்த இருட்டைத்தான் என்பது அப்படித் தெரிந்தது. இடையில் வெளிச்சம் பட்டால் எண்ணிக்கை மறுபடி முதலிலிருந்து தொடங்கும். இலையில் இருக்கும் பைட்டோகுரோம் என்ற நிறமி சிவப்பொளி பட்டதும் ஒரு வடிவத்திலிருந்து இன்னொன்றுக்கு மாறுகிறது என்பதை 1950-களில் பார்த்விக்கும் ஹெண்ட்ரிக்ஸும் கண்டார்கள்.

இதை நம் விவசாயிகள் அனுபவத்தில் அறிந்திருந்தார்கள். தாமிரபரணிப் பாசனத்தில் இரண்டு போகம். ஜூன் முதல் செப்டம்பர் வரை கார், அக்டோபர் முதல் பிப்ரவரி, மார்ச் வரை பிசானம். பிசானத்துக்கான பழைய நீண்ட கால ரகங்களைக் காரில் போட்டால் பயிர் உயரமாக, பச்சையாக நிற்கும், கதிர் வாங்காது. பிசானத்தில் நாற்று சற்றுப் பிந்தி நட்டாலும் முந்தி நட்டாலும் ஏறத்தாழ ஒரே வாரத்தில் பொதி கட்டும். பிந்தி நட்டவருக்குத் தூர் கட்ட நாள் போதாமல் விளைச்சல் குறையும். பட்டம் தவறாமல் விதைக்க வேண்டும் என்ற பெரியவர்களின் கண்டிப்புக்குப் பின்னால் மழையும் ஆற்று நீரும் மட்டும் இல்லை, ஐப்பசி, கார்த்திகையில் நீளும் இரவும் இருந்தது. ஊர் முழுவதும் ஒரே சமயத்தில் கதிர் வாங்கினால் கிளியும் பூச்சியும் ஒருவர் வயலிலேயே குவியாது. அறுவடைக்கு ஆட்களும் முறையாகக் கிடைப்பார்கள். தண்ணீரை எப்போது நிறுத்துவது என்று கால்வாய்க்காரருக்கும் தெரியும். யாரும் கூடிப் பேசாமலே ஆயிரம் வயல்களை ஒரே நாளுக்குக் கொண்டுவந்து நிறுத்தியது இரவு.

இந்த ஏற்பாட்டை மாற்றிய பொறி விதைக்குள் வந்தது. 1966-ல் பிலிப்பைன்ஸிலுள்ள பன்னாட்டு நெல் ஆராய்ச்சி நிறுவனம் ஐஆர் 8 ரகத்தை வெளியிட்டது. பெட்டா என்ற இந்தோனேசிய ரகத்தையும் தைவானின் குட்டை ரகமான டீ-ஜியோ-ஊ-ஜென்னையும் கலந்து எடுத்தது அது. அதன் குட்டைத் தண்டையும் உரம் தாங்கும் சக்தியையும் பற்றி நிறைய எழுதப்பட்டிருக்கிறது. அதே அளவு முக்கியமான இன்னொரு குணம், அது இரவை எண்ணாது. எந்த மாதம் விதைத்தாலும் இத்தனை நாளில் அறுவடை என்று அது சொல்லிவிடும். நெல்லின் உள்ளே இருந்த இரவுக் கணக்கை வளர்ப்பாளர்கள் எடுத்துவிட்டார்கள். இரவைக் கட்டுப்படுத்தும் தொழில்நுட்பம் என்று மனித வரலாற்றில் எதையாவது சொல்ல வேண்டுமானால் நான் இதைத்தான் முதலில் சொல்வேன். பூமியைத் தொடாமல், ஒரு விளக்கைக்கூட ஏற்றாமல், கோடிக்கணக்கான ஏக்கரில் இரவின் அதிகாரத்தை இது நீக்கியது.

இதன் உள்ளூர் அத்தியாயம் அம்பாசமுத்திரத்தில் எழுதப்பட்டது. அங்குள்ள நெல் ஆராய்ச்சி நிலையம் 1937-ல் தொடங்கியது. ‘ஏஎஸ்டி’ என்ற மூன்று எழுத்தோடு வரும் ரகங்கள் அங்கிருந்து வந்தவை. 1986-ல் வெளியான ஏஎஸ்டி 16 குட்டைப் பருமனான அரிசி தருவது, ஏறத்தாழ 110 நாளில் அறுவடைக்கு வருவது. தென் மாவட்டங்களில் அது பிடித்த இடம் பெரிது. ஆற்றின் இந்தக் கரையில் உள்ள வயல்களுக்கும் அது வந்தது. கார், பிசானம் என்ற எல்லைகள் தளர்ந்தன. தண்ணீர் கிடைக்கும்போது விதைத்து, நாளை எண்ணி அறுக்கலாம் என்றாயிற்று. பசியோடு இருந்த நாட்டுக்கு இது செய்த நன்மையைக் குறைத்துப் பேசுவது அநியாயம். 1960-களின் ரேஷன் வரிசைகளில் நின்றவர்கள் இன்னும் நம்மிடையே இருக்கிறார்கள். பழைய ரகங்களைப் போற்றி எழுதுபவர்கள் இதைத் தாண்டிப் போய்விடுவது சரியில்லை.

ஆனால் செலவும் இருந்தது. இரவு செய்துவந்த ஒருங்கிணைப்பு வேலையை வேறு யாராவது செய்ய வேண்டியதாயிற்று. ஒரே வாய்க்கால் மடையில் ஒரு வயல் நடவில், அடுத்தது பொதியில், அதற்கடுத்தது அறுப்பில் என்று நின்றால் புகையானும் குருத்துப்பூச்சியும் ஒன்றிலிருந்து ஒன்றுக்குத் தாவிக்கொண்டே இருக்கும். மருந்தடிப்பு கூடும். எல்லாருக்கும் எல்லா நாளும் தண்ணீர் வேண்டும். பாபநாசம் அணையின் நீர்மட்டத்தைப் பார்த்துப் பார்த்துக் கார் சாகுபடிக்குத் தண்ணீர் திறப்பார்களா என்று காத்திருப்பது இப்போது பழகிப்போன காட்சி.

விளக்கும் நெல்லும் மோதும் இடம் என்று மேலே சொன்னேன். மாப்பிள்ளைச் சம்பா போன்ற பருவம் பார்க்கும் பழைய ரகங்களை மறுபடி விதைப்பவர்கள் இன்று கூடியிருக்கிறார்கள். அப்படிப்பட்ட வயல் ஒன்று சாலையோரம், தெருவிளக்கை ஒட்டி இருந்தால் என்ன நடக்கும்? வயல் முழுவதும் பூத்துப் பால் பிடித்துக் கதிர் சாயும் வேளையில், விளக்குக் கம்பத்துக்கு எதிரே அரை வட்டமாக ஒரு துண்டு மட்டும் கரும்பச்சையாக, கதிரே இல்லாமல் நிமிர்ந்து நிற்கும். நோய் என்று நினைத்து மருந்தடிப்பவர்களும் உண்டு. ஒளி எட்டும் விளிம்பு எதுவோ அதுதான் அந்தப் பச்சையின் விளிம்பு. அந்த வட்டத்துக்குள் இருக்கும் பயிருக்கு இன்னும் நீண்ட இரவு வரவே இல்லை. ஜப்பானிலும் கொரியாவிலும் சாலை விளக்கால் நெல் கதிர் வாங்கத் தாமதமாவது விவசாயிகளின் புகாராகவும் ஆராய்ச்சிப் பொருளாகவும் ஆகியிருக்கிறது. நம்மிடம் அது யாருடைய கோப்பிலும் இருப்பதாகத் தெரியவில்லை.

இரவைத் தெரிந்தே கத்தரித்து விற்பனைக்கு வைப்பவர்களும் இருக்கிறார்கள். ஓசூர்ப் பக்கத்துப் பூப்பண்ணைகளில் செவ்வந்திக்கு நள்ளிரவில் சில மணி நேரம் விளக்குப் போடுகிறார்கள். இரவு துண்டாவதால் செடி பூக்காமல் தண்டு நீண்டு வளரும். போதிய உயரம் வந்ததும் விளக்கை நிறுத்தினால் சொன்ன தேதிக்குப் பூக்கும். வியட்நாமின் பின் துவான் பகுதியில் டிராகன் பழத்துக்கு இதே வேலையைச் செய்கிறார்கள். ஆனால் அங்கே விளைவு தலைகீழ், துண்டான இரவு அதைப் பருவமில்லாத பருவத்தில் பூக்க வைக்கிறது. நாமக்கல் பண்ணைகளில் முட்டைக் கோழிக்கு நாளுக்கு 16 மணி நேர வெளிச்சம். கோழி அதை நீங்காத கோடை என்று எடுத்துக்கொண்டு முட்டையிட்டுக்கொண்டே இருக்கும். நம் காலைச் சாப்பாட்டில் இருக்கும் முட்டை, இரவைச் சுருக்கிப் பெற்றது.

இப்போது வானத்திலிருந்து வரப்போகும் பாகம். 1993 பிப்ரவரி 4 அன்று ரஷ்யர்கள் ‘ஸ்னாம்யா’ என்ற 20 மீட்டர் விட்டமுள்ள, கண்ணாடி போல ஒளியைத் திருப்பும் மென்தகட்டை விண்ணில் விரித்தார்கள். சூரிய ஒளியை அது திருப்பியனுப்ப, ஏறத்தாழ 5 கிலோமீட்டர் அகலமுள்ள ஒரு வெளிச்ச வட்டம் ஐரோப்பாவின் மேல் ஓடி மறைந்தது. சைபீரிய நகரங்களின் நீண்ட குளிர்கால இரவைக் குறைப்பது அவர்களுடைய கனவு. 1999-ல் செய்த அடுத்த முயற்சியில் தகடு விண்கலத்தின் ஆண்டெனாவில் சிக்கிக்கொண்டது, திட்டம் அதோடு நின்றது. 2018-ல் சீனாவின் செங்டு நகரத்தில் செயற்கை நிலா விடப்போவதாக அறிவித்தார்கள். அது வரவில்லை. இன்று அமெரிக்காவில் ரிஃப்ளெக்ட் ஆர்பிட்டல் என்ற நிறுவனம், கேட்கும் இடத்துக்கு இரவில் சூரிய ஒளி தருவதாகச் சொல்லி வாடிக்கையாளர்களைத் தேடுகிறது.

இதில் ஓர் இயற்பியல் உண்மையைக் கவனிக்க வேண்டும். சூரியன் நமக்கு ஒரு புள்ளியாகத் தெரிவதில்லை, அரைப் பாகை அகலமுள்ள வட்டாகத் தெரிகிறது. அதனால் விண்ணிலிருக்கும் கண்ணாடி எவ்வளவு சிறியதாக இருந்தாலும், தரையில் விழும் வட்டத்தின் அகலம் உயரத்தில் ஏறத்தாழ நூறில் ஒரு பங்குக்குக் கீழே போகாது. 600 கிலோமீட்டர் உயரத்திலிருந்து என்றால் ஏறத்தாழ ஆறு கிலோமீட்டர். கல்லிடைக்குறிச்சியில் ஒருவர் தன் திடலுக்காக வெளிச்சம் வாங்கினால், எதிர்க்கரை அம்பாசமுத்திரமும், நடுவிலுள்ள ஆறும், இரு கரை வயல்களும் சேர்ந்தே விழித்துக்கொள்ளும். வாங்கியவர் ஒருவர், வேண்டாத வெளிச்சத்தைப் பெறுபவர் ஊர் முழுக்க. நளாயினி கதையில் தேவர்களாவது வந்து முறையிட்டார்கள். இங்கே முறையிட இதற்கென்று ஒரு சட்டம் இருப்பதாகத் தெரியவில்லை.

இந்தப் பள்ளத்தாக்குக்கு இது கூடுதல் கவலை. மேற்கே களக்காடு முண்டந்துறைப் புலிகள் காப்பகம், 1988-ல் அறிவிக்கப்பட்டது. காட்டில் பாதி வாழ்க்கை இரவில் நடக்கிறது. தேவாங்கு, மரநாய், ஆந்தை, வௌவால், மின்மினி எல்லாமே இருட்டை நம்பியவை. மின்மினி தன் இணையைத் தேடுவதே ஒளியால், பக்கத்தில் பெரிய விளக்கு எரிந்தால் அதன் சமிக்ஞை தொலைந்துபோகும். மழைக்கால இரவில் சாலை விளக்கைச் சுற்றி மொய்க்கும் பூச்சிகள் விடியும்போது கீழே குவிந்து கிடப்பதை எல்லாரும் பார்த்திருக்கிறோம். பழைய மஞ்சள் சோடியம் விளக்குகளை எடுத்துவிட்டு வெள்ளை எல்இடி போட்ட பிறகு வெளிச்சம் கூர்மையாகிவிட்டது. நீலம் கலந்த வெள்ளை பூச்சிகளை அதிகம் இழுக்கும். உடனே, மஞ்சளாக்கினால் போதும் என்று சிலர் சொல்கிறார்கள். பூச்சிக்கு அது உதவும். நெல்லின் பைட்டோகுரோம் அதிகம் உணர்வது சிவப்பை, எனவே செம்மஞ்சள் விளக்கு வயலுக்கு நல்லதில்லை. நிறத்தை மாற்றி எல்லாரையும் திருப்தி செய்ய முடியாது. வெளிச்சம் தேவையான இடத்தில் மட்டும் விழும்படி மூடி போடுவதும், தேவையில்லாத நேரத்தில் அணைப்பதும் மட்டுமே எல்லா உயிருக்கும் ஒத்துவரும்.

வெளிச்சம் வேண்டும் என்பவர்கள் பக்கமும் நியாயம் உண்டு. கல்லிடைக்குறிச்சியிலேயே 1982-ல் குலசேகரமுடையார் கோயிலில் நடராசர் உள்ளிட்ட சிலைகள் களவு போயின. அந்த நடராசர் ஆஸ்திரேலியாவின் அடிலெய்டு கலைக்கூடத்திலிருந்து ஊர் திரும்பியது 37 ஆண்டுக்குப் பிறகு, 2019-ல். அந்த வலி தெரிந்த ஊரிடம் விளக்கை அணைக்கச் சொல்வது எளிதில்லை. கடைசிப் பேருந்தில் இறங்கி வீட்டுக்கு நடக்கும் பெண்ணுக்கும், பாம்புக்குப் பயந்து வரப்பில் நடப்பவருக்கும் வெளிச்சம் கட்டாயம் வேண்டும். அவர்களுக்கு வேண்டியது காலடியில் விழும் வெளிச்சம். இன்று கம்பங்கள் தருவதில் ஒரு பங்கு வானத்துக்கும் இன்னொரு பங்கு பக்கத்து வயலுக்கும் போகிறது.

இதைச் சரிசெய்வது கடினமில்லை என்பதற்கு நாட்டுக்குள்ளேயே சான்று இருக்கிறது. லடாக்கின் ஹான்லேயில் வானாய்வகத்தைச் சுற்றியுள்ள பகுதி 2022-ல் இருண்ட வானக் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. கிராமத்து மக்களுக்குத் திரைச்சீலைகளும் விளக்கு மூடிகளும் கொடுத்தார்கள், அவர்களும் ஒத்துழைத்தார்கள். 2024-ல் பெஞ்ச் புலிகள் காப்பகம் அதே வழியில் வந்தது. பிரான்ஸில் கட்டட முகப்பு விளக்குகளை நள்ளிரவு 1 மணிக்குள் அணைக்க வேண்டும் என்ற விதி 2013 முதல் நடப்பில் உள்ளது. புலிகள் காப்பகத்தின் அடிவாரத்தில், நெல் வயல்களுக்கு நடுவில் இருக்கும் நம் ஊர்களுக்கு இப்படி ஒன்றைப் பற்றிய பேச்சு எழுந்ததாகத் தெரியவில்லை.

பல நூற்றாண்டாக இந்தப் பகுதி மக்கள் ஒரு பொதுப் பொருளைப் பங்கிட்டு வாழக் கற்றவர்கள். கன்னடியன் கால்வாயில் யார் மடை எப்போது திறக்க வேண்டும், கடைமடைக்கு எவ்வளவு விட வேண்டும் என்பதற்கு முறை இருந்தது. மேல்மடைக்காரர் தன் வயலுக்கு என்று மட்டும் பார்த்துத் திறந்துவிட முடியாது. இரவையும் அதே வரிசையில் வைக்க வேண்டும் என்பது என் முடிவு. அது ஒருவருடைய முற்றத்தோடு நிற்பதில்லை. ஒருவர் அதைத் திறந்துவிட்டால் பக்கத்து வயலும், ஆற்றங்கரை மரமும், நைட் ஷிப்டு முடிந்து பகலில் தூங்கப் பார்க்கும் தொழிலாளியும் அதன் விலையில் பங்கு கொடுக்க நேரும். விண்ணிலிருந்து வெளிச்சம் விற்க வருபவர்களுக்கு நம் அரசு அனுமதி கொடுக்கும் முன், அந்த வட்டத்துக்குள் வரும் ஊர்களின் கிராம சபைகளைக் கேட்க வேண்டும் என்ற விதி வேண்டும்.

அதற்கு முன் நம் கைக்கு எட்டுவதைச் செய்யலாம். கல்லிடைக்குறிச்சி, அம்பாசமுத்திரம், விக்கிரமசிங்கபுரம் உள்ளாட்சி மன்றங்களுக்கு இந்த வட்டாரத்தார் சேர்ந்து மனு கொடுக்க வேண்டும். கால்வாய்க் கரையிலும் வயலோரத்திலும் உள்ள விளக்குகளுக்குப் பக்கவாட்டு மூடி போடச் சொல்லுங்கள். காட்டோரச் சாலைகளில் இரவு 11 மணிக்கு மேல் வெளிச்சத்தைக் குறைக்கச் சொல்லுங்கள். பிசானம் பொதி கட்டும் மாதங்களில் வயல் நடுவே ஆளில்லாமல் எரியும் கம்பங்களை அணைத்துவைக்கச் சொல்லுங்கள். அம்பாசமுத்திரம் நெல் ஆராய்ச்சி நிலையம் தெருவிளக்கோர வயல்களை ஒரு பிசானப் பருவம் அளந்து பார்த்து, முடிவை விவசாயிகளுக்குத் தர வேண்டும் என்றும் அதே மனுவில் எழுதுங்கள்.